இயந்திர இதயங்களின் ஊர்களில் ஏழு நாள்

நாள் 1: டெட்ராய்ட்

கார் ஊரில் பயணத்தைத் தொடங்கக் காரணம் இருக்கிறது. 1952 ஜூலை 3 அன்று இங்குள்ள ஹார்ப்பர் மருத்துவமனையில் ஃபாரஸ்ட் டாட்ரில் என்ற அறுவை மருத்துவர், 41 வயது நோயாளி ஒருவருடைய இதயத்தின் இடது கீழறை செய்யும் வேலையைச் சுமார் 50 நிமிடம் ஓர் இயந்திரத்திடம் ஒப்படைத்துவிட்டு, இடது மேலறைக்கும் கீழறைக்கும் நடுவிலுள்ள மைட்ரல் வால்வைச் சரிசெய்தார். இயந்திரத்தைச் செய்து கொடுத்தவர்கள் ஜெனரல் மோட்டார்ஸ் ஆய்வுக்கூடப் பொறியாளர்கள். இரண்டு வரிசைச் சிலிண்டர்களோடு அது பார்வைக்கு 12 சிலிண்டர் கார் இன்ஜின் போலவே இருந்தது. செய்தவர்களின் கைப்பழக்கம் அதில் தெரிந்தது.

உட்வர்ட் அவென்யூ டிராமில் மிட்டவுனில் இறங்கினால் மருத்துவமனை வளாகம் நடக்கிற தூரம்தான். பார்க்கக் கட்டடங்கள் மட்டுமே உண்டு, இயந்திரம் வாஷிங்டன் போய்விட்டது. அதனால் இன்றைக்கு ஒரு கணக்கு.

இதயம் நிமிடத்துக்கு 5 லிட்டர் ரத்தம் தள்ளுகிறது. இடப்பக்கம் ஏற்ற வேண்டிய அழுத்தம் சராசரி 100 மி.மீ. பாதரசம். இரண்டையும் பெருக்கி அலகை மாற்றினால் 1.1 வாட் வரும். வலப்பக்கம் நுரையீரலுக்குத் தள்ள 15 மி.மீ. போதும் என்பதால் அங்கே 0.2 வாட்டுக்கும் குறைவு. மொத்தம் 1.3 வாட். காரின் கண்ணாடித் துடைப்பான் மோட்டார் இதைவிடப் பல மடங்கு சக்தி தின்னும். இந்த எண்ணைப் பார்த்துவிட்டு, 'இவ்வளவுதானா?' என்று இந்தத் துறைக்குள் வந்த இயந்திரப் பொறியாளர்கள் நிறையப் பேர்.

அவர்களை ஆண்டுக்கணக்கில் உட்கார வைத்தது ரத்தம். சிவப்பணுவின் குறுக்களவு சுமார் 8 மைக்ரான். ஒடுக்கமான இடத்தில் வேகமாக இழுபட்டால் அது கிழிந்து ஹீமோகுளோபினைக் கொட்டிவிடும். மெதுவாகத் தேங்கினால் ரத்தம் உறையும். உறைந்த துணுக்கு பெயர்ந்து மூளைக்குப் போனால் பக்கவாதம். ஆக, ரத்தம் எங்கேயும் நிற்கவும் கூடாது, எங்கேயும் நசுங்கவும் கூடாது. தேக்கத்தைக் கழுவ இடைவெளியில் வேகத்தைக் கூட்டினால் அணு கிழிகிறது. கிழிசலைத் தவிர்க்க இடைவெளியை அகட்டினால் தேங்குகிறது. இனி போகிற ஒவ்வொரு ஊரிலும் இந்த இழுபறியைத்தான் பார்க்கப் போகிறோம்.

நாள் 2: கிளீவ்லாந்து

ஈரி ஏரியைச் சுற்றிக்கொண்டு சுமார் 270 கிலோமீட்டர், காரில் மூன்று மணி நேரத்துக்குள். நகர மையத்தின் பப்ளிக் ஸ்கொயரிலிருந்து யூக்ளிட் அவென்யூ வழியே ஓடும் ஹெல்த்லைன் பேருந்து கிளீவ்லாந்து கிளினிக் வாசலிலேயே இறக்கிவிடும்.

வில்லெம் கோல்ஃப் 1950இல் நெதர்லாந்திலிருந்து இங்கே வந்தார். போர்க்காலத்தில் காம்பன் நகரில் சாஸேஜ் உறையான செலோஃபேன் குழாயைக் கொண்டு சிறுநீரக டயாலிசிஸ் இயந்திரம் செய்தவர். 1957 டிசம்பரில் இவரும் டெட்சுசோ அகுட்சுவும் பி.வி.சி. இதயம் ஒன்றை நாய்க்குப் பொருத்தினார்கள். நாய் சுமார் 90 நிமிடம் உயிரோடிருந்தது.

அந்தக் காலத்து இதயங்கள் கையால் வார்த்தவை. இன்றும் ஆய்வுக்கூடத்தில் பாலியூரித்தேன் என்ற வளையும் பிளாஸ்டிக்கில் இதய அறை செய்யும்போது முறை கிட்டத்தட்ட அதுதான். கண்ணாடி போல் மெருகேற்றிய அச்சு. அதைக் கரைசலில் முக்கி எடுத்து, வழியும் துளி ஒரே இடத்தில் சேராதபடி சுழற்றிக்கொண்டே உலர்த்த வேண்டும். உலர்ந்ததும் அடுத்த பூச்சு. இப்படிப் பல பூச்சு. கெட்டுப்போவது மூன்று வழியில். ஈரக்காற்று பட்டால் கரைசல் நீரை உறிஞ்சி, படலம் பால்போல் வெளுத்து வலுவிழக்கும். அவசரப்பட்டுச் சூடாக்கினால் கரைப்பான் உள்ளே மாட்டிக் குமிழியாகும். தூசி ஒன்று ஒட்டினால் வளையும்போது விரிசல் அந்த இடத்தில் தொடங்கும், உறைவும் அந்த மேட்டில்தான் பிடிக்கும். விரல் நுனியால் தடவினால் தெரியாத மேடு, பக்கவாட்டில் விளக்கைச் சாய்த்துப் பிடித்தால் நிழலோடு தெரியும். அப்படித் தெரிகிற அறையைத் தயங்காமல் குப்பையில் போட வேண்டும்.

கிளீவ்லாந்தில் நிற்கும்போது பேச வேண்டிய இன்னொன்று, இட வலச் சமநிலை. வலப்பக்கம் நிமிடத்துக்கு 5 லிட்டர் தள்ளுகிறது, இடப்பக்கம் 4.9 என்று வைத்துக்கொள்வோம். வித்தியாசம் 100 மில்லி. பத்தே நிமிடத்தில் ஒரு லிட்டர் ரத்தம் நுரையீரலில் கூடுதலாகத் தேங்கி, நோயாளி மூச்சுக்குத் திணறுவார். அப்படியானால் இரண்டு பக்கத்தையும் அச்சுப் பிசகாமல் சமமாக வைத்தால் தீர்ந்ததா? தீராது. மூச்சுக்குழாய்த் திசுக்களுக்குப் போகும் ரத்தத்தில் ஒரு பகுதி வலப்பக்கம் வராமல் நேரே இடது மேலறைக்குத் திரும்பிவிடுகிறது. ஆகவே இடப்பக்கம் எப்போதும் சற்றுக் கூடுதலாகத் தள்ளியாக வேண்டும். எவ்வளவு கூடுதல் என்பது ஆளுக்கு ஆள், நேரத்துக்கு நேரம் மாறும்.

இதற்குக் கிளீவ்லாந்து கிளினிக்கில் உருவான, துடிக்காமல் இடைவிடாது தள்ளும் தொடரோட்ட இதயம் தரும் விடை அழகானது. ஒரே சுழலி, அதன் இரு முனைகளிலும் இரு பம்புகள். சுழலி முன்னும் பின்னும் சற்று நகர அனுமதி உண்டு. இரு மேலறைகளின் அழுத்தம் வேறுபட்டால் அந்த வேறுபாடே சுழலியைத் தள்ளும். தள்ளியதும் வலது பம்பின் வாய் அகலும் அல்லது குறுகும். அழுத்தத்தைப் பார்க்க சென்சார் வேண்டாம், மென்பொருளும் வேண்டாம். சென்சார் இல்லாததைச் சிக்கனம் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. உடலுக்குள் ஆண்டுக்கணக்கில் அளவு பிசகாமல் இருக்கும் அழுத்த சென்சார் கிடைப்பது அவ்வளவு அரிது.

சமநிலையை மேசையில் சோதிக்கப் போலி ரத்த ஓட்டச் சுற்று ஒன்று வேண்டும். எடையில் 60 பங்கு தண்ணீர், 40 பங்கு கிளிசரின் கலந்தால் அறை வெப்பத்தில் ரத்தத்தை ஒத்த பிசுபிசுப்பு வரும். தமனியின் நெகிழ்வுக்குப் பதில் காற்று அடைத்த மூடிய தொட்டி, நுண்குழாய்களின் தடைக்குப் பதில் இடுக்கி. புதிதாக வருபவர் செய்யும் தவறு அழுத்தமானியில்தான் நடக்கும். அதை மேலறை மட்டத்தில் வைத்துப் பூஜ்யமாக்க வேண்டும். 10 செ.மீ. தாழ்ந்தாலே 7 மி.மீ. பாதரசம் கூடுதலாகக் காட்டும். மேலறை அழுத்தமே 10 மி.மீ. சொச்சம் என்னும்போது அது முழுப் பொய். குழாயில் ஒட்டிய காற்றுக்குமிழியும் தமனி நெகிழ்வு போல நடித்து அலையை மழுங்கடிக்கும். அளவு எடுக்குமுன் குழாய்களை ஒருமுறை தட்டிவிடுங்கள்.

நாள் 3: வாஷிங்டன்

தேசிய அமெரிக்க வரலாற்று அருங்காட்சியகத்துக்கு அனுமதி இலவசம். ஆனால் சேகரிப்பில் இருப்பதெல்லாம் காட்சியில் இருக்காது. எந்தப் பொருளைப் பார்க்கப் போகிறீர்களோ அது வெளியே இருக்கிறதா என்று இணையப் பட்டியலில் பார்த்துவிட்டுக் கிளம்புவது நல்லது. டாட்ரில் இயந்திரம், 1969இன் லியோட்டா–கூலி இதயம் இரண்டும் இவர்கள் சேகரிப்பில் உள்ளவை.

1969 ஏப்ரல் 4 அன்று ஹூஸ்டனில் அறுவை மருத்துவர் டென்டன் கூலி பொருத்தியது இந்த இதயத்தைத்தான். வடிவமைத்தவர் அர்ஜென்டினாவின் டொமிங்கோ லியோட்டா. மனிதருக்குப் பொருத்திய முதல் முழுச் செயற்கை இதயம் இது. 64 மணி நேரம் ஓடியது. பிறகு மாற்று இதயம் வைத்தார்கள். அடுத்த 32 மணி நேரத்தில் நோயாளி இறந்தார். படங்களைக் கூர்ந்து பார்த்தால் டேக்ரான் என்ற பாலியஸ்டர் துணி வேய்ந்த உட்பரப்பு தெரியும். ரத்தம் துணியில் ஊறி, மெல்லிய இயற்கைப் படலமாகத் தங்கி, உறைவைத் தடுக்கும் என்பது எண்ணம். பரப்பை வழுவழுப்பாக்குவதா, சொரசொரப்பாக்கிப் படலம் வளர விடுவதா என்ற வாதம் இன்னும் முடிந்தபாடில்லை. இரண்டும் வேலை செய்கின்றன. வேலை செய்யாதது இரண்டும் சந்திக்கும் மடிப்பு.

நாள் 4: சால்ட் லேக் சிட்டி

விமான நிலையத்திலிருந்து டிராக்ஸ் ரயில், நகரத்தில் சிவப்புத் தடத்துக்கு மாறினால் கடைசி நிறுத்தம் பல்கலைக்கழக மருத்துவமனை. கோல்ஃப் 1967இல் கிளீவ்லாந்தை விட்டு இங்கே வந்தார்.

இங்கே நடந்த முக்கியமான மாற்றம் டயஃப்ரம், அதாவது காற்றழுத்தத்தில் வளைந்து ரத்தத்தைத் தள்ளும் சவ்வு. முந்தைய பை வடிவ இதயங்கள் சுருங்கும்போது சுவரோடு சுவர் உரசி, நடுவில் மாட்டிய அணுக்களை அரைத்தன. கிளிஃபோர்ட் குவான்-கெட் அரைக்கோள டயஃப்ரத்தைக் கொண்டுவந்தார். அது முழுதாகத் தள்ளினாலும் எதிர்ச் சுவரில் முட்டாது. 1971இல் வந்து சேர்ந்த ராபர்ட் ஜார்விக் அந்த டயஃப்ரத்தைப் பல மெல்லிய அடுக்காக்கினார். தடித்த ஒரே தகடு வளைந்தால் வெளிப்பரப்பு அதிகம் இழுபட்டு வெடிக்கும். மெல்லிய அடுக்குகளை நடுவே கிராஃபைட் தூள் தூவி வைத்தால் ஒன்றன்மேல் ஒன்று வழுக்கும், ஒவ்வொன்றின் இழுவிசையும் சிறிதாகும். புத்தகத்தை வளைத்துப் பார்த்தால் பக்கங்கள் நழுவுவது போல. நிமிடத்துக்கு 70 துடிப்பு என்றால் ஆண்டுக்கு 3.6 கோடிக்கு மேல் வளைவு. அத்தனை வளைவையும் தாங்கியாக வேண்டும்.

சோதனை கன்றுகளில். நிற்கும், மார்புக்கூடு பெரிது, ஆனால் வளர்ந்துகொண்டே போகும். பம்பின் அளவு மாறாது. சில மாதத்தில் கன்றின் தேவை பம்பை மிஞ்சிவிடும். ஆல்ஃபிரட் லார்ட் டெனிசன் என்று பெயரிட்ட கன்று 268 நாள் வாழ்ந்தது. கன்றுகளில் சோதனை முடிவதைப் பம்பின் ஆயுள் என்று படிக்கக் கூடாது.

1982 டிசம்பர் 2 அன்று வில்லியம் டிவ்ரீஸ், பார்னி கிளார்க் என்ற பல் மருத்துவருக்கு ஜார்விக்-7 என்ற செயற்கை இதயத்தைப் பொருத்தினார். கிளார்க் 112 நாள் வாழ்ந்தார். இரண்டே வாரத்துக்குள் இடது அறையின் வால்வு ஒன்றில் பற்றவைத்த தாங்கி முறிந்தது. முழு இடது அறையையும் கழற்றி வேறு வைத்தார்கள். அது முடிந்ததற்குக் காரணம் இரண்டு எளிய சமாச்சாரம்: மேலறையில் தைத்த வளையத்தில் அறை சொடுக்கென்று மாட்டும் இணைப்பு, இரு அறைகளையும் ஒட்டவைத்த வெல்க்ரோ. வால்வு ஏன் முறிந்தது? இயற்கை இதயத்தில் அழுத்தம் மெல்ல ஏறும். அமுக்கிய காற்று அதைவிடச் சடாரென்று அறையும். ஒவ்வொரு மூடலிலும் வால்வின் தட்டு சுத்தியல் போல் தாங்கியில் இறங்கும். பிற்பாடு பற்றவைப்பே இல்லாமல் ஒரே டைட்டானியத் துண்டில் கடைந்த மெட்ரானிக்-ஹால் வால்வுக்கு மாறினார்கள்.

கழற்ற உதவிய அதே சொடுக்கு இணைப்புதான் பின்னாளில் உறைவு பிடிக்கும் இடமாகவும் ஆனது. வளையமும் அறையும் சேரும் இடத்தில் முடி நுழையும் இடுக்கு. அங்கே ரத்தம் நின்றது. டெட்ராய்ட்டில் சொன்ன விதி.

வெளியிலிருந்து காற்றை அனுப்பும் இயக்கி சுமார் 170 கிலோ, சக்கரம் வைத்த அலமாரி. நோயாளி ஒரு குழாயின் நீளத்துக்கு மட்டும் உலாவலாம்.

நாள் 5: டூசான்

1985 ஆகஸ்டில் ஜாக் கோப்லாண்ட் இங்குள்ள பல்கலைக்கழக மருத்துவமனையில் ஜார்விக்-7ஐ வைத்து, ஒன்பது நாளில் அதை எடுத்துவிட்டு மாற்று இதயம் வைத்தார். செயற்கை இதயத்தை நிரந்தரமாக வைக்காமல், தானம் கிடைக்கும்வரை பாலமாக வைப்பது நிலைபெற்ற முறையானது இதிலிருந்துதான். அதே வடிவமைப்பு இந்த ஊரிலேயே சின்கார்டியா என்ற பெயரில் தொடர்ந்து, 2004இல் அமெரிக்க ஒப்புதல் பெற்றது. ஒப்புதலுக்கு அடிப்படையான ஆய்வில் 81 பேருக்குப் பொருத்தி, 79 சதவீதம் பேர் மாற்று இதயம் வரை எட்டினார்கள். ஒப்பீட்டுக் குழுவில் 46 சதவீதம்.

இதன் சமநிலைச் சூத்திரம் எளிமையானது: குறையாக நிரப்பு, முழுதும் வெளியேற்று. அறையின் கொள்ளளவு 70 மில்லி. 50 முதல் 60 வரை நிரம்பும்படி வைத்துவிட்டு, வந்ததை அப்படியே தள்ளிவிடும். உடல் கூடுதலாக ரத்தம் திருப்பினால் நிரப்பு தானே கூடும். மீதம் 10–15 மில்லி இடம், உடற்பயிற்சிக்கான கையிருப்பு. அறை விளிம்புவரை நிரம்பி ஓடுகிறதென்றால் கையிருப்பு போயிற்று, ரத்தம் மேலறையில் நிற்கத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். இயக்கியின் திரையில் வெளியேறும் காற்றின் அலையைப் பார்த்து இதைப் படிப்பார்கள்.

மார்பு சிறியவர்களுக்கு இது பொருந்தாது. படுக்கவைத்து எடுத்த சி.டி.யில் மார்பெலும்பின் பின்பக்கத்திலிருந்து பத்தாவது மார்பு முள்ளெலும்பின் முன்பக்கம்வரை குறைந்தது 10 செ.மீ. இருக்க வேண்டும். உடல் பரப்பு குறைந்தது 1.7 சதுர மீட்டர். அளவு தவறினால் தவறு தெரிவது கடைசியில், மார்பை மூடும்போது. அறை பின்னால் அழுந்தி கீழ்ப் பெருஞ்சிரையையோ இடது நுரையீரல் சிரையையோ நசுக்கும், அழுத்தம் சட்டென விழும். அறையை விலா எலும்பில் நூல் கட்டி முன்னே இழுத்து நிறுத்துவது அதற்கான கை வைத்தியம்.

பொருத்தும் வரிசையில் பொறியாளர் கவனிக்க வேண்டியவை சில. கீழறைகளை வெட்டும்போது மேலறை ஓரத்தில் சுமார் 1 செ.மீ. தசை விளிம்பை விடுவார்கள், தையல் அதைப் பிடித்துக்கொள்ளும். மேலறை இணைப்பிகள், தமனிக் குழாய்கள் எல்லாம் தைத்த பிறகு, அறைகளை மாட்டுமுன் ஒவ்வொரு தையலிலும் உப்புநீர் ஏற்றிக் கசிவு பார்ப்பார்கள். அறை மாட்டிய பிறகு பின்பக்கத் தையலுக்குக் கையே போகாது. முதலில் இடது அறை, பிறகு வலது. காற்றை வெளியேற்றும்வரை இயக்கி மெதுவாக, குறைந்த அழுத்தத்தில் ஓடும்.

கடைசியில் ஒரு மெல்லிய பி.டி.எஃப்.இ. (டெஃப்லான் வகை) படலத்தால் எல்லாவற்றையும் போர்த்துவார்கள். உடலுக்குள் சில மாதம் இருந்த சாதனத்தைச் சுற்றித் தழும்பு இறுகிப் பிடிக்கும். படலம் இல்லாவிட்டால் அடுத்த அறுவையில் ஒவ்வொரு சென்டிமீட்டரையும் கீறிப் பிரிக்க வேண்டும். இதய நுனி இருந்த இடம் சுருங்கிவிடாமலிருக்க, உப்புநீர் நிரப்பிய மார்பகப் பையை அங்கே வைப்பதும் உண்டு. பின்னால் வரப்போகும் தான இதயத்துக்கு இடம்பிடித்து வைப்பது. சாதனத்தை வடிவமைக்கும்போதே அதைக் கழற்றப் போகிறவரை நினைத்துக்கொள்வது இந்த ஊரில் கற்க வேண்டிய பாடம்.

நாள் 6: ஹூஸ்டன்

ரயிலின் சிவப்புத் தடத்தில் டெக்சாஸ் மருத்துவ மையம். டெக்சாஸ் இதய நிலையத்தில் சிறிய அருங்காட்சியகம் உண்டு. 2011இல் அறுவை மருத்துவர்கள் பில்லி கோனும் பட் ஃபிரேசியரும் இங்கே ஒருவரின் இதயத்தை முழுதாக எடுத்துவிட்டு, இரண்டு சுழல் பம்புகளைப் பக்கத்துக்கு ஒன்றாக வைத்தார்கள். நாடி இல்லை. ஸ்டெதஸ்கோப்பில் துடிப்புக்குப் பதில் ஒரே ரீங்காரம். இ.சி.ஜி. தட்டைக் கோடு. அந்த மனிதர் பேசினார், சுமார் ஐந்து வாரம் வாழ்ந்தார்.

சுழல் பம்பில் வால்வு இல்லை, வளையும் டயஃப்ரம் இல்லை. தேய்மானப் பட்டியலில் பாதி அடிபட்டது. அதற்குப் பதில் சிவப்பணு கிழிசல் முன்னுக்கு வந்தது. அதற்கான நிலையான சோதனை இது: பசு அல்லது பன்றியின் புது ரத்தம் 450 மில்லி, 37 டிகிரி, நிமிடத்துக்கு 5 லிட்டர், 100 மி.மீ. அழுத்தம், 6 மணி நேரம். இடையிடையே மாதிரி எடுத்து, சுழற்றிப் பிரித்து, பிளாஸ்மாவில் கலந்த ஹீமோகுளோபினை அளக்க வேண்டும். புது ரத்தப் பிளாஸ்மா வைக்கோல் நிறம், கெட்ட பம்பில் ஓடியது ரோஸ் நிறம். கருவிக்கு முன்பே கண்ணுக்குத் தெரிந்துவிடும்.

ஏமாறும் இடங்கள்: மாதிரிக் குழாயில் முந்தைய முறை தேங்கிய ரத்தத்தைக் கழித்து ஊற்றாமல் எடுப்பது. மெல்லிய ஊசியில் வேகமாக இழுப்பது, ஊசியே அணுக்களைக் கிழித்துவிடும், பழி பம்பின் தலையில் விழும். அழுத்தம் ஏற்ற இடுக்கியைக் கூராக நெரிப்பதும் அப்படியே. ஆகவே பக்கத்திலேயே நன்கு தெரிந்த வேறொரு பம்பை அதே ரத்தத்தில் ஓட்டி ஒப்பிட வேண்டும். ரத்தத்துக்கு ரத்தம் உறுதி மாறுவதால் தனி எண்ணுக்கு மதிப்பில்லை.

நாள் 7: ஹூஸ்டன், இரண்டாம் நாள்

ஒரு பொறியாளரின் வாழ்வு இந்தத் துறையில் எவ்வளவு நீளம் பிடிக்கும் என்பதற்கு டேனியல் டிம்ஸ் நல்ல அளவுகோல். ஆஸ்திரேலியாவின் பிரிஸ்பேன்காரர், தந்தை பிளம்பர். முனைவர் பட்டத்துக்காக 2001இல் தொடங்கிய எண்ணம், தந்தையும் மகனுமாகக் கடையில் வாங்கிய குழாய்களில் ஓட்டிப் பார்த்தது, ஹூஸ்டனுக்கு வந்து பைவாகோர் என்ற செயற்கை இதயம் ஆனது. தந்தை இதயச் செயலிழப்பால் 2006இல் இறந்தார். முதல் மனிதருக்கு இதே நகரில் 2024 ஜூலையில் பொருத்தினார்கள், எட்டு நாளில் தான இதயம் கிடைத்தது. 2024 நவம்பரில் சிட்னியில் பொருத்திக்கொண்டவர் சாதனத்தோடு வீட்டுக்குப் போய், நூறு நாளுக்கு மேல் வாழ்ந்து மாற்று இதயம் பெற்றார். எண்ணத்திலிருந்து முதல் நோயாளிவரை 23 ஆண்டு.

டைட்டானிய உறை. உள்ளே நகரும் பாகம் ஒன்றே ஒன்று: இருபக்கமும் இறக்கை கொண்ட தட்டு. ஒரு பக்கம் உடலுக்கு, மறுபக்கம் நுரையீரலுக்கு. தட்டு காந்தத்தில் மிதக்கிறது, எதிலும் உரசுவதில்லை. உரசல் இல்லாததால் தேய்மானம் இல்லை. பெரிய இடைவெளி கிடைப்பதால் தட்டின் பின்புறமும் ரத்தம் கழுவிக்கொண்டு போகிறது. சமநிலை மாறினால் மிதக்கும் தட்டை இடமோ வலமோ சற்று நகர்த்தினால் போதும், இறக்கைக்கும் உறைக்கும் உள்ள இடைவெளி ஒரு பக்கம் அகன்று ஓட்டம் குறையும். சுழல் வேகத்தைக் கூட்டிக் குறைத்தால் நாடியும் வரும்.

இவ்வளவுக்குப் பிறகும் ஒரு ஒயர் தோலைத் துளைத்துக்கொண்டு வெளியே வருகிறது. 2001இல் லூயிவில்லில் முதலில் பொருத்திய அபியோகோர் என்ற செயற்கை இதயம் தோல் வழியே ஒயரின்றி மின்சாரம் செலுத்தியது. ஆனால் அதற்கான சுருளும் உள் பேட்டரியும் சேர்ந்து சாதனத்தைப் பெருக்கிவிட்டன, பெரிய உடலுக்கு மட்டுமே பொருந்தியது. சுருள் சற்று விலகினாலும் திறன் விழுந்து, விழுந்த திறன் தோலடியில் வெப்பமாகும். அதனால் இன்றும் ஒயர்தான். அதன் வெல்வெட் போன்ற பரப்பு முழுதும் தோலடியிலேயே இருக்க வேண்டும், சதை அதில் வளர்ந்து பிடித்துக்கொள்ளும். வெளியே தெரியும் பகுதி வழுவழுப்பான சிலிக்கோன். வெல்வெட் ஒரு செ.மீ. வெளியே நீண்டாலும் ஈரமும் கிருமியும் அதில் குடியேறும். ஒயர் இழுபட்டால் உள்ளே ஒட்டிய சதை பிய்ந்து, பழைய புண் புதிதாகும். வயிற்றில் ஒட்டும் பட்டையால் ஒயரை ஒரு வளையம் விட்டு நிறுத்துவது இதனால்தான்.

வீட்டுக்குப் போகிறவருக்கும் கூட இருப்பவருக்கும் கடைசியாகக் கற்றுத்தருவது பேட்டரி மாற்றுவது. ஒன்றைக் கழற்று, புதியதை மாட்டு, விளக்கு பச்சையாகிறதா என்று பார், பிறகு மற்றதைத் தொடு. இரண்டும் ஒரே நேரத்தில் கையில் இருக்கக் கூடாது. கண்ணை மூடிக்கொண்டு, இருட்டில், விரலாலேயே இணைப்பியின் பள்ளத்தைத் தேடி மாட்டத் தெரியும்வரை வீட்டுக்கு அனுப்பமாட்டார்கள்.